எடுத்துக் கொடுத்த முதல் சொல்

இல்லை, அக்கா நீதிமன்றத்தில் அழவில்லை. வாசலில் என் கையைப் பிடித்துக் கேட்ட அம்மாவுக்கு முதலில் விடை. இனி வணக்கம்.

இந்த அவைக்குத் தலைமை தாங்கும் சங்கத் தலைவர் அவர்களே, ஓய்வு பெற்றும் ஓயாத மூத்த ஆசிரியப் பெருமக்களே, ஒரு தோளில் குழந்தையும் மறு தோளில் திருத்தாத விடைத்தாள் கட்டுமாக வந்திருக்கும் தாய்மார்களே, கடைசி பீரியடை விட்டுவிட்டு ஓடிவந்த தம்பி தங்கைகளே! பின்வரிசைச் சிரிப்பு கேட்கிறது. யாரென்றும் தெரிகிறது.

முன்வரிசையில் தலை குனிந்து உட்கார்ந்திருக்கிறாரே எங்கள் கணக்கு டீச்சர் அக்கா, அவர் கேட்டது என்ன? சலுகையா? இல்லை. இரக்கமா? இல்லவே இல்லை. பிரசவத்துக்கு எடுத்த விடுப்பைப் பணிக்காலத்தில் சேருங்கள் என்றார். சேர்க்கவில்லை. பணிமூப்புப் பட்டியலில் அவர் பெயர் கீழே இறங்கியது. அவரிடம் வேலை பழகியவர்கள் தலைமையாசிரியர் ஆனார்கள். வழக்குப் போட்டார். வென்றார். விடுப்பைச் சேர்த்து எட்டு வாரத்துக்குள் பதவி உயர்வு கொடுங்கள் என்றது நீதிமன்றம்.

எட்டு வாரம் போனது. ஒரு மழை போனது. ஒரு கோடை போனது. அலுவலகத்தில் கேட்டால், "ஃபைல் நகருதும்மா."

அக்கா கேட்டார்: "நகருதா? என் பையனுக்குக் கல்யாணமே ஆயிருச்சுப்பா. அவனைப் பெத்த லீவு இன்னும் கணக்குல வரல!"

இந்த மாதக் கடைசியில் அக்காவுக்கு ஓய்வு. அதற்குள் ஆணை வராவிட்டால் தலைமையாசிரியர் நாற்காலி அவருக்கு என்றைக்கும் இல்லை. நீதிமன்ற அவமதிப்பு வழக்குப் போட்டோம்.

நேற்று முன்தினம். நீதிமன்றம். மின்விசிறி. இருமல். கல்வி அதிகாரி நிற்கிறார். தீர்ப்பு அவருக்குத் தெளிவாக விளங்கவில்லை என்கிறார் அவருடைய வக்கீல்.

"எது விளங்கல? தீர்ப்புல என்ன இருக்கு, நீங்களே சொல்லுங்க" என்றார் நீதிபதி.

அதிகாரி தாளைப் புரட்டுகிறார். செருமுகிறார். விழிக்கிறார்.

ஆசிரியர்களே, ஒரு பிள்ளை எழுந்து நின்று விழித்தால் நம் வாய் சும்மா இருக்குமா? முதல் சொல்லை எடுத்துக் கொடுப்போம் அல்லவா? அக்காவும் கொடுத்துவிட்டார். தன்னை மறந்து, வகுப்புக் குரலில்:

"மகப்பேறு விடுப்பையும்..."

அதிகாரியும் ஒரு காலத்தில் பள்ளிப் பிள்ளைதானே! நிமிர்ந்தார். கைகட்டினார். "...பணிக்காலமாகச் சேர்த்து, பணிமூப்பைத் திருத்தி, எட்டு வாரத்துக்குள் பதவி உயர்வு வழங்க வேண்டும்."

ஒரு சொல் பிசகவில்லை! தட்டுங்கள், தட்டி முடியுங்கள். காத்திருக்கிறேன்.

நான் அக்காவின் முந்தானையைப் பிடித்து இழுத்தேன். "ஐயய்யோ, வாய் தவறி வந்துருச்சுடி!"

நீதிபதி அவரைக் கடியவில்லை. அதிகாரியைப் பார்த்தார். "மனப்பாடமாவே தெரிஞ்சிருக்கே. அப்ப விளங்காம இல்ல. வேணும்னேதான் செய்யல."

அதிகாரி மன்னிப்புக் கேட்டார். ஏற்கலாமா என்று நீதிபதி அக்காவைக் கேட்டார்.

"மன்னிப்பை நீங்க வெச்சுக்கங்கய்யா. எனக்கு ஆணை வேணும்."

"ஆணை வர்ற வரைக்கும் அவர் இங்கயே நிக்கட்டும்" என்றார் நீதிபதி.

வந்தது! மதியச் சாப்பாட்டுக்கு முன்னே வந்தது! அந்த ஃபைல் நகரவில்லை, நண்பர்களே. ஓடியது! படியேறி ஓடியது!

அக்கா "போதும்டி" என்று கை காட்டுகிறார். போதாது அக்கா. இன்று ஒரு நாள் கேளுங்கள். தொட்டில் ஆட்டிய நாள் தொலைந்த நாளா? பிள்ளை பெற்றவள் பின்தங்கியவளா? இல்லை என்று எழுதிவிட்டது நீதிமன்றம். ஒருத்திக்கு வந்தது ஒவ்வொருத்திக்கும் வரும்! வராவிட்டால், முதல் சொல்லை எடுத்துக் கொடுக்க நாம் இருக்கிறோம்!

வகுப்பறையிலிருந்து வந்த கால்களுக்கும், தட்டிச் சிவந்த கைகளுக்கும் நன்றி. எல்லோருக்கும் என் வணக்கம்.

என்ன? அக்கா அடுத்து என்ன செய்தாரா?

நேற்றுக் காலை தலைமையாசிரியர் அறைக்குப் போனார். நாற்காலியில் நன்றாகச் சாய்ந்து உட்கார்ந்தார். மணி அடித்தது. அவருடைய பழைய இடத்துக்கு இன்னும் ஆள் போடவில்லை. சாக்பீஸை எடுத்துக்கொண்டு எட்டாம் வகுப்புக்குக் கணக்கு நடத்தப் போனார்.