நாற்பத்தேழாம் பக்கம்

எச்சில் தொட்டுப் பக்கம் புரட்டுகிறவர்களைக் கண்டாலே எனக்கு ஆகாது. முப்பத்தொரு வருடம் ஆவணக் காப்பகத்தில் இருந்தவனுக்கு அதுகூட இல்லாவிட்டால் எப்படி?

நான் வந்தபோது இந்த வட்டாரத்தின் பழைய பதிவேடுகள் எல்லாம் ஒழுகும் கொட்டகையில் கிடந்தன. காயவைத்து, கிழிசலுக்கு மெல்லிய தாள் ஒட்டி, அட்டவணை போட்டேன். பூட்டியே கிடந்த அறையைப் பொதுமக்களுக்குத் திறந்துவிட்டதும் நான்தான். தகப்பனாரின் பிறந்த தேதியைத் தேடி வந்தவர்கள், தாத்தாவின் நிலத்தைத் தேடி வந்தவர்கள், யாரையும் வெறுங்கையோடு அனுப்பியதில்லை. ஒருத்தரைத் தவிர.

அறை திறந்ததைக் கேள்விப்பட்டு வந்தவர் அந்தத் தையற்காரம்மா. ஏழு வருடம் முன்பு வெள்ள முகாமில் காய்ச்சலில் நினைவிழந்து கிடந்தாராம். கண் விழித்தபோது கைக்குழந்தை இல்லை. ஏதோ ஒரு குழந்தைகள் இல்லத்தில் சேர்த்துவிட்டார்கள் என்றார்கள்; எது என்று சொல்ல ஆளில்லை. பெண் குழந்தை. இடது காதுக்குப் பின்னால் சட்டைப் பொத்தான் அளவு தீத்தழும்பு.

அவரை உட்காரவைத்துவிட்டு உள்ளே போய் ஓர் இல்லத்தின் பதிவேட்டை எடுத்தேன். நாற்பத்தேழாம் பக்கத்தில் தழும்போடு குழந்தை இருந்தது. கீழே, தத்தெடுத்தவர் கையெழுத்து. என் கையெழுத்து.

மகளுக்கு அப்போது எட்டு வயது. மனைவி போய் ஒரு வருடம்கூட ஆகவில்லை. சவர பிளேடால் அந்தத் தாளைத் தையலோரமாக அறுத்தெடுத்தேன். பிசிறில்லாமல் வந்தது. வெளியே வந்து, "தேடிப் பாக்குறேன்மா, அடுத்த மாசம் வாங்க" என்றேன்.

வந்தார். பதினாறு வருடம் மாதாமாதம் வந்தார். அவர் தலை நரைத்தது என் மேசைக்கு எதிரில்தான். ஒவ்வொரு முறையும் சொல்லிவிடத்தான் நினைப்பேன். ஆனால் தேநீர் வாங்கிக் கொடுத்து, வேறு பதிவேடுகளை எடுத்துப் போட்டு, அவர் கண்ணெதிரே வரிவரியாகத் தேடுவேன். படிக்கத் தெரியாதவர். என் விரல் போகிற பக்கமெல்லாம் அவர் கண்ணும் போகும்.

ஒருநாள் நான் மறந்துவிட்டுப் போன மூக்குக்கண்ணாடியை மகள் கொண்டுவந்தாள். அவள் சட்டைக் கை தையல் விட்டிருந்ததைப் பார்த்த தையற்காரம்மா, பையிலிருந்து ஊசியெடுத்து நின்ற நிலையிலேயே தைத்துக் கொடுத்தார்.

"உங்க பொண்ணா சார்?"

"ஆமாம்மா."

"எம் பொண்ணுக்கும் இந்த வயசுதான் இருக்கும். நல்லா இரும்மா."

மகளின் முடி காதை மூடியிருந்தது. பின்னல் போடாமல் அப்படி விடப் பழக்கியது நான்.

போன மாதம் அவர் வரவில்லை. இறந்துவிட்டார் என்று அவருடைய பக்கத்து வீட்டு ஆசிரியை வந்து சொன்னார். அந்த ஆசிரியை எழுதிப் போட்ட மனுவால்தான் விசாரணைக்கு வந்த நீங்கள் அந்த இல்லத்தின் பதிவேட்டைப் புரட்டியிருக்கிறீர்கள். நாற்பத்தாறுக்கு அடுத்து நாற்பத்தொன்பது இருப்பதைப் பார்த்திருக்கிறீர்கள்.

அறுத்தது நான்தான். எழுதியே தருகிறேன். ஒரே ஒரு வேண்டுகோள், என் மகளிடம் சொல்லிவிடாதீர்கள். தாயில்லாத குறை தெரியாமல் வளர்ந்த பெண். இந்த வயதில் அவளை அநாதையாக்குவது பாவமில்லையா?