தடை யாருக்கு என்று எழுதுங்கள்

பெயர் கனகராஜ் தவமணி. வயது 43. கொழுந்து பறிக்கும் தொழிலாளி. முகவரி வெள்ளமலைத் தோட்டம், கீழ்ப்பிரிவு, பதுளை. மரண விசாரணைக்காக நான் தமிழில் சொல்வது பின்வருமாறு.

இறந்த சுப்பையா கனகராஜ் எனது கணவர். தோட்டத்துக்குக் கீழே ஓடும் ஓயா ஆற்றில் அனுமதிப்பத்திரத்துடன் கையால் மணல் அள்ளி வந்தார். இவ்வருடம் அரசாங்கம் கையால் அள்ளுபவர்களின் பத்திரங்களை நிறுத்தியது. இயந்திரம் வைத்து ஆற்றைக் கெடுத்தவர்கள் வேறு ஆட்கள், பூட்டு விழுந்தது எங்கள் மண்வெட்டிக்கு. அதை எதிர்த்து, மணல் லொறி வைத்திருக்கும் முன்ஸிப் என்ற பதுளைக்காரரும் என் கணவர் முதலானோரும் சேர்ந்து வழக்குப் போட்டார்கள். வழக்கு முடியும்வரை ஒரு வாளி மணல்கூட அள்ளக் கூடாது, பிடிபட்டால் வழக்கே படுத்துவிடும் என்று சட்டத்தரணி எச்சரித்திருந்தார். அதன் பிறகு என் கணவர் ஓயாவில் குளிக்கக்கூட இறங்கவில்லை, பீலித் தண்ணீர்க் குழாயில்தான் குளித்தார். அதைப் பார்த்து எங்கள் லயத்து வரிசை வீட்டு ஆட்கள் சிரித்தார்கள். நானும் சிரித்தேன்.

சம்பவ தினம் நான் பகல் கொழுந்தை எடை போட்டுவிட்டுச் சாப்பாட்டுக்கு வந்திருந்தபோது முன்ஸிப்பின் அழைப்பு வந்தது. கணவர் ஸ்பீக்கரில் போட்டதால் நானும் கேட்டேன். "அண்ணே, கோட்டுல தடையுத்தரவு குடுத்துட்டாங்க" என்றதோடு தொடர்பு அறுந்தது. அதன் பிறகு எவ்வளவு முயன்றும் கிடைக்கவில்லை. எங்கள் பக்கம் சிக்னல் அப்படித்தான்.

தடை என்றால் எங்களுக்குத் தெரிந்தது ஒரே அர்த்தம். கணவர் சோற்றைத் தள்ளி வைத்துவிட்டு, "கோட்டும் தடை போட்டுருச்சு. இனி எதுக்குக் காத்துக்கிட்டு இருக்கணும்" என்றார். அதன் பிறகு மண்வெட்டியை எடுத்தார். மேல்மலையில் பெருமழை.

"ஓயா கலங்கி ஓடுதுங்க, போவாதீங்க" என்றேன்.

"மழைக்குள்ளதான் பொலிஸ் ஜீப்பு வராது. இந்த ஒரு தடவதான்" என்றார்.

பிறர் பொருளைத் தொடாத மனிதர், திருடப் போவதாக நினைத்து, சாரத்தால் முகத்தை மூடிக்கொண்டு இறங்கிப் போனார். வெகுநேரமாகியும் வராததால் லயத்து ஆண்கள் தேடிப்போய், கீழ்ப்பாலத்து மூங்கில் புதரில் சிக்கியிருந்தவரைத் தூக்கி வந்தார்கள்.

பிரேதத்தை ஆஸ்பத்திரியில் அடையாளம் காட்டினேன். அதன் பிறகு முன்ஸிப் அங்கே வந்து தலையில் அடித்துக்கொண்டு அழுதார். "தடை அரசாங்கத்துக்குத்தான் அக்கா, நமக்கில்ல. பத்திரத்த நிப்பாட்டுனதத்தான் கோட்டு நிப்பாட்டிருக்கு. நாளைக்கே எறங்கலாம்னு சொல்லத்தான் கோல் எடுத்தேன்" என்றார். உத்தரவு அன்று காலையிலேயே கிடைத்துவிட்டதாம். என் கணவர் ஆற்றில் இறங்கியபோது அவருக்கு இறங்க உரிமை இருந்தது. அது தெரியாமலே போய்விட்டார்.

இங்கே பொலிஸில் பதிந்த முதல் முறைப்பாட்டில் "சட்டவிரோதமாக மணல் அகழ்ந்தபோது" என்று எழுதியிருப்பதாக வாசித்துச் சொன்னார்கள். அந்தச் சொல்லை வெட்டும்படி கேட்டேன். பதிந்ததை வெட்ட முடியாது, ஆட்சேபனை இருந்தால் நீதிமன்றத்துக்குப் போகலாம் என்று அதிகாரி சொன்னார். இனி எந்த நீதிமன்றத்துக்குப் போய் யாருக்காகக் கேட்பேன்.

நான் சொன்னவற்றில் பொய் ஒன்றும் இல்லை. தமிழில் வாசித்துக் காட்டினார்கள், விளங்கிக்கொண்டேன். கையொப்பம் வைத்தால்தான் பிரேதத்தைத் தருவார்கள் என்பதால் வைக்கிறேன். அந்தச் சொல்லுக்கு நான் சம்மதிக்கவில்லை.

(ஒப்பம்) க. தவமணி