நாளைக்கு அக்ஸ்பிரிட்ஜுக்கு வராதீங்க

இல்ல, கையெழுத்து வேணாம். பேனாவ உள்ள வைங்க. உங்க அண்ணன் பொண்ணுன்னு வாசல்ல பொய் சொல்லிட்டுத்தான் உள்ள வந்தேன், அடுத்த ஷோவுக்கு நீங்க மேடையேறுறதுக்கு முன்னாடி போயிருவேன். நான் மோரீன் பிளாஸ்கெட்டோட பொண்ணு, ஐவி. ஆமா, அதே மோரீன்தான். நாளைக்கு அக்ஸ்பிரிட்ஜ் ஆஸ்பத்திரிக்குப் பாக்க வர்றேன்னு சொல்லியிருக்கீங்களே, அவங்க. வராதீங்க. அதச் சொல்லத்தான் வந்தேன்.

எந்திரிக்காதீங்க. நீங்க பாட்டுக்கு சாண்ட்விச்ச சாப்பிடுங்க, நான் பாட்டுக்குப் பேசறேன்.

எங்கம்மா யாருன்னு உங்க ஏஜென்ட் சொல்லித்தான உங்களுக்கே தெரிஞ்சுது? சும்மா தலையாட்டாதீங்க. பதினேழு வயசுல வார்டர் ஸ்ட்ரீட்ல ஒரு எடிட்டிங் ரூம்ல டீ போடச் சேந்தவங்க. ஜன்னலே கெடையாது. வெட்டுன பிலிம் துண்டுகளக் கழுத்துல மாலை மாதிரி தொங்கவிட்டுக்கிட்டு, ஒட்டி ஒட்டி, அசிஸ்டென்ட்டாகி, எடிட்டராகி, நீங்க நடிச்ச படம் அத்தனையும் எடிட் பண்ணுனது அவங்கதான். பேர் போடுவாங்க, போடாம இல்ல. ஜனங்க கையில பாப்கார்ன வச்சுக்கிட்டு சீட்டுத் தேடும்போது வரும்.

அந்தப் பால்காரர் படத்துல, பொண்டாட்டி செத்தப்புறம் ஆணியில தொங்குற அவ கோட்ட ஒரு பார்வை பாப்பீங்களே. நாடே அழுதுச்சு. டிவியில எங்க உக்காந்தாலும், அப்ப எங்கப்பாவ நெனச்சுக்கிட்டேன்னு கத விடறீங்க. மிஸ்டர் வின்யார்ட், நீங்க அப்ப டீ வண்டியப் பாத்துக்கிட்டிருந்தீங்க. பேக்கன் ரோல் தீந்துருச்சான்னு. கிளாப் அடிக்கறதுக்கு முன்னாடியே கேமரா ஓட ஆரம்பிச்சிருச்சு. நீங்க நடிச்ச டேக்கெல்லாம் மூக்க உறிஞ்சி உறிஞ்சி, பாக்கச் சகிக்கல. டைரக்டர் தலையில கைய வச்சு உக்காந்துட்டாரு. வேணாம்னு தள்ளுன துண்டுல இருந்து அந்தப் பார்வைய அம்மாதான் எடுத்து, கோட்டக் காட்டுற ஷாட்டுக்கு அப்புறம் ஒட்டி வச்சாங்க. அவார்டு மேடையில நீங்க உங்க நாய்க்குக்கூட நன்றி சொன்னீங்க.

சிரிக்கிறீங்க. அவங்களும் சிரிக்கத்தான் செஞ்சாங்க. எனக்குத்தான் வரல. நானும் எடிட்டிங்தான் படிக்கிறேன், எனக்கு வேற புத்தி எங்கருந்து வரும். போன வாரம் கிளாஸ்ல வாத்தியார் அந்த சீனப் போட்டு, நடிப்புன்னா இதுன்னாரு. அது டீ வண்டின்னு எந்திரிச்சுக் கத்துனேன். வெளிய போன்னாரு. வந்துட்டேன்.

இதக் கேளுங்க. ஒருநாள் டீன் ஸ்ட்ரீட்ல உங்களப் பாத்து, டெர்ரி, முட்டி வலி பரவால்லையான்னு கேட்டிருக்காங்க. நீங்க நொண்டறது படத்துல தெரியாதபடி மாசக்கணக்கா வெட்டி ஒட்டுனவங்க இல்லையா, தெனம் பாத்த மூஞ்சி, உங்களுக்கும் தன்னத் தெரியும்னு நெனச்சுட்டாங்க. நீங்க அவங்க துணிப்பையில கையெழுத்துப் போட்டுக் குடுத்துட்டு டாக்ஸியில ஏறிட்டீங்க. ரொம்ப வருஷம் எங்க வீட்டு உருளைக்கிழங்கு அதுலதான் கெடந்துச்சு.

அதுக்கெல்லாம் சேத்து மன்னிப்புக் கேக்கத்தான் வரப்போறீங்களா? வந்து என்னன்னு கேப்பீங்க? பொய் சொல்றதுக்கு முன்னாடி நீங்க எச்சி முழுங்குவீங்க. சோறு போடும்போதே அம்மா எனக்கு அத நடிச்சுக் காட்டியிருக்காங்க. உன்ன மறக்கவே இல்ல மோரீன்னு ஆரம்பிச்சு முழுங்கி வைப்பீங்க. அவங்களுக்கு அப்பவே தெரிஞ்சுரும். கழுத்து வேற தொங்கிப்போச்சு உங்களுக்கு. அவங்கதான் நல்லாத் தெரியற பக்கமா இருக்கற ஷாட்டாப் பொறுக்கி உங்களத் திரையில விட்டுக்கிட்டிருந்தாங்க.

கூப்பிட்டதே அவங்கதான்னு சொல்றீங்களா? தெரியும். யாரையாச்சும் பாக்கணுமா மோரீன்னு நர்ஸ் கேட்டப்ப நான் பக்கத்துலதான் உக்காந்திருந்தேன். டெர்ரின்னாங்க.

வேற யாரு வர்றதுக்கு இருக்கா? எங்கப்பா கார்டிஃப்ல வேற குடும்பமாயிட்டாரு, அதுக்கு நீங்க காரணமில்ல, பயப்படாதீங்க. கூட வேல செஞ்சவங்க பூ அனுப்புனாங்க. வார்டுல பூ வைக்கக்கூடாதாம், நர்ஸுங்க ரூம்ல இருக்கு. சின்ன வயசுல ஸ்கூல் கிறிஸ்துமஸ் நாடகத்துல நான் ஆடு வேஷம் போட்டேன். அன்னைக்குன்னு பாத்து உங்க படத்துல கடைசி ரீல மாத்தச் சொல்லிட்டாங்க, அம்மா வரல. வீட்டுக்கு வந்தாலும் கண்ணு வராது. நான் ஏதாச்சும் சொல்லிக்கிட்டிருப்பேன், மூஞ்சி என் பக்கம்தான் இருக்கும், நீங்க எந்த டேக்ல நல்லாத் திரும்புனீங்கன்னு மனசுக்குள்ள ஓட்டிக்கிட்டிருப்பாங்க.

நாளைக்கு வரக் காருக்கு வேற சொல்லியாச்சா? வேணாம்னு சொல்லிருங்க.

பெல்லடிக்கறாங்க, போங்க. நான் வர்றேன். அம்மாவுக்கு நாளையத் தாண்டாதுன்னு டாக்டர் சொல்லிட்டாரு. கண்ணு தொறக்கறதே கொஞ்ச நேரந்தான். நீங்க அங்க உக்காந்திருந்தா அவங்க உங்களத்தான் பாப்பாங்க, பழகிப்போச்சு. நாளைக்கு ஒருநாள் என்னப் பாக்கட்டுமே.