மூன்றாம் வெட்டு

ஆலா ஒரு சோம்பேறிப் பறவை. கூடு கட்டாது. வெறும் மணலில் நெஞ்சை வைத்து ஒரு சுற்றுச் சுற்றி, உண்டான குழியில் இரண்டு முட்டையை இட்டுவிட்டு, கல்வீடு கட்டி முடித்தவர் போல நிமிர்ந்து பார்க்கும். முட்டையும் மணல் நிறம், குஞ்சும் மணல் நிறம். தெரியாமல் மிதிப்பவர்களைக் குறைசொல்ல முடியாது. ஆனால் ஏழு ஆண்டுகளில் நான் ஒன்றைக்கூட மிதித்ததில்லை, இன்ஸ்பெக்டர் ஐயா. அதையும் இந்த வாக்குமூலத்தில் சேர்த்துக்கொள்ள வேண்டும்.

நீங்கள் கேட்டது ஒரேயொரு கேள்வி. மணல்வரம்பு உடையும் என்று எனக்கு முன்பே தெரியுமா என்பது. தெரியும், தெரியாது என்று ஒரு சொல்லில் எழுதினால் போதும் என்றீர்கள். பத்துத் தாளைத் தந்துவிட்டு ஒரு சொல் கேட்பது உங்கள் தாராள மனம். நான் முதலிலிருந்தே எழுதுகிறேன்.

என் பெயர் அப்புத்துரை. ஐம்பத்துநான்காம் ஆண்டு இலாகா என்னைப் பறவைக் காவலாளனாக நியமித்தது. ஆனையிறவு தாண்டி, பரந்தனில் பஸ் மாறி, முல்லைத்தீவுக்குத் தெற்கே இறங்கியபோது என்னிடம் ஒரு தகரப் பெட்டியும் இரண்டு காக்கிக் களிசானும் இருந்தன. காவல் காக்க வேண்டிய இடத்தை ஊரவர் கையால் காட்டினார்கள். ஆலாத்திட்டி. பெருங்கடலுக்கும், அதன் உட்புறம் தேங்கிய சிறுகடலுக்கும் நடுவே வடக்குத் தெற்காக ஒரு மணல்வரம்பு கிடக்கிறது. அதன் தென்முனையில் வாய்க்கால் ஒன்று அறுத்துப் பிரித்துவிட்ட துண்டுதான் இந்தத் தீவு. அரசாங்கக் கச்சேரியில் இருந்த பழைய வரைபடத்தில் அது பன்னிரண்டு ஏக்கர். நான் கயிறு பிடித்து அளந்தபோது நான்குக்கும் குறைவு. இலாகாவுக்கு எழுதினேன். படத்தில் உள்ளபடியே காவல் காக்குமாறு பதில் வந்தது.

காத்தேன். நாய்களைத் துரத்தினேன், முட்டை பொறுக்க வந்தவர்களோடு வாய்த்தர்க்கம் செய்தேன். மணலைப் பிடித்துவைக்க இராவணன் மீசையைக் கொண்டுவந்து நட்டேன். குத்தும் புல் அது. நட்ட கையெல்லாம் இரத்தம், ஆனால் பிடித்த மணலை விடாது. அதோடு அடம்பன் கொடியும் படரவிட்டேன். அடம்பன் கொடியும் திரண்டால் மிடுக்கு என்று சொல்வார்கள். அது திரள நான்கு வருடம் எடுக்கும் என்பதை ஒருவரும் சொல்வதில்லை.

இனி வெட்டைப் பற்றி. கோடையில் அந்த வாய்க்காலைக் கடல் மணல்போட்டு மூடிவிடும். கார்த்திகை மழையில் சிறுகடல் நிரம்பி, உட்கரையில் குடியேறிய யாழ்ப்பாணத்துக் கமக்காரரின் வயலுக்குள் ஏறும். அவர்களுக்கு மூடிய வாயை உடனே வெட்டித் தண்ணீரைக் கடலில் விட வேண்டும். மணல்வரம்பில் ஓலை வாடி போட்டு இறால் பிடிப்பவர்களுக்கோ, இறால் பருக்கும்வரை வெட்டக்கூடாது. முற்காலத்தில் இரண்டு பகுதியும் மண்வெட்டியோடு வந்து, மணலை விட்டு ஆளை ஆள் வெட்டினார்களாம். ஆகவே யாரோ ஒரு புத்திமான் திட்டியின் ஓரம் ஒரு பனங்கம்பத்தை நட்டு, அதில் கீழிருந்து மேலாக மூன்று வெட்டுப் போட்டுவைத்தார். தண்ணீர் மூன்றாம் வெட்டை மூடினால் திட்டியில் வெள்ளைத்துணி ஏறும். துணி ஏறினால் எல்லோரும் வந்து வெட்டுவார்கள். ஏறாவிட்டால் ஒருவரும் மணலில் கைவைக்கக்கூடாது. இரு பகுதிக்கும் பொதுவான ஆள் என்று கம்பம் பார்க்கும் வேலையை என்னிடம் தந்தார்கள்.

இந்த ஊரவர் ஒருவரையொருவர் நம்பமாட்டார்கள், ஐயா. ஊர் அதிகாரியான விதானையாரை நம்பமாட்டார்கள். வானத்தைக்கூட நம்பமாட்டார்கள். கம்பத்தை நம்புவார்கள்.

ஐம்பத்தெட்டில் வெட்டினார்கள். திறந்த வாய்க்கால் திட்டியின் பக்கத்தை அரித்துக்கொண்டு பாய்ந்தது. நாற்பது முட்டைக்குழி இருந்த வால்முனையும் நான் நட்ட புல்லும் ஒரு பின்னேரத்துக்குள் போய்விட்டன. நான் அழுதேன். வளர்ந்த ஆண்பிள்ளை புல்லுக்கு அழுவதைப் பார்த்து ஏரம்பு விதானையார் பயந்துபோய் எனக்கு ஒரு சோடா உடைத்துத் தந்தார். நல்ல மனிதர். அவரை இதில் சேர்க்க வேண்டாம்.

அடுத்த ஆவணியில் தண்ணீர் வற்றியபோது கம்பம் சாய்ந்து நின்றது. அடியைத் தோண்டி நிமிர்த்தினேன். நிமிர்த்தும்போது ஒரு சாண் உயர்ந்துவிட்டது. தற்செயல் என்று எழுதலாம். ஆனால் அதற்கடுத்த ஆவணியில் கம்பம் சாயவில்லை. அப்போதும் ஒரு சாண் உயர்ந்தது.

அந்த இரண்டு வருடமும் மழை நடுத்தரம். தண்ணீர் மூன்றாம் வெட்டைத் தொடவில்லை, துணி ஏறவில்லை, மணலை ஒருவரும் தொடவில்லை. உட்கரையில் ஐயாத்துரை என்ற கமக்காரரின் குசினிக்குள் மீன் வந்தது. மனிதர் கதிரையில் காலை மடக்கி வைத்துக்கொண்டு, இன்னும் மூன்றாம் வெட்டு மூடவில்லை என்று மனைவிக்கு விளக்கம் சொல்லிக்கொண்டிருந்தாராம். சந்தைக்குப் போகாமலே கறிக்கு வழி பிறந்ததென்று ஊர் சிரித்தது. நானும் சிரித்தேன். வயல் அழிந்ததற்கு மழையை ஏசினார்கள், விதைநெல்லை ஏசினார்கள். கம்பத்தை ஒருவரும் ஏசவில்லை. திட்டியின் வால் திரும்ப வளர்ந்தது. அந்த வைகாசியில் இருநூற்றுப் பன்னிரண்டு குழி எண்ணினேன். என் வாழ்க்கையில் அதைப்போல ஒரு சந்தோஷம் இல்லை.

வாடிக்காரரோடு எனக்குப் பகை ஒன்றும் இல்லை. வாடியில் இருந்த சின்னராசாவின் மனைவி இரஞ்சிதம் எனக்கு ஆலா மாப்பிள்ளை என்று பெயர் வைத்திருந்தாள். கலியாணம் கட்டாத எனக்கு அதுவாவது கிடைத்ததே. திட்டியிலிருந்த என் கொட்டிலில் சிறகொடிந்த ஆலா ஒன்று இருந்தது. அதற்கென்று சின்ன மீனைத் தெரிந்தெடுத்துக் கொண்டுவருவாள். என் கையிலும் பார்க்க அவள் கையிலிருந்து அது ஆசையாகத் தின்னும். எனக்குக் கொஞ்சம் பொறாமைதான். அவளை எனக்குப் பிடிக்கும், ஐயா. இதை மறைக்க ஒன்றுமில்லை.

ஆனால் வாடிக்காரர் ஒரு பிழை செய்தார்கள். வள்ளம் இழுக்க வசதியென்று வாடிக்கு முன்னாலிருந்த இராவணன் மீசையைப் பிடுங்கிவிட்டார்கள். புரட்டாதியில் மணல்வரம்பு முழுவதும் நடந்து பார்த்தேன். வாடி இருந்த இடத்தில்தான் மணல் ஆக மெலிவு. எங்கே மணல் மெலிகிறது என்று பார்ப்பது என் உத்தியோகம். பார்த்தேன். புல்லைப் பிடுங்கியது நானல்ல.

இந்த வருடம், அறுபத்தொன்றில், மூன்றாவது சாணையும் உயர்த்தியிருந்தேன். கார்த்திகை மழை பதினொரு நாள் விடாமல் பெய்தது. பதினோராம் நாள் காலை தோணியில் உட்கரைத் துறைக்குப் போய்க்கொண்டிருந்தேன். வாடியைக் கடக்கும்போது இரஞ்சிதம் முழங்கால் தண்ணீரில் இறங்கி நின்று கூப்பிட்டாள்.

"கூடையை மூடிக்கொண்டு எங்கை போறியள், மாப்பிள்ளை? உள்ளுக்கை பொம்பிளையோ?"

சிரித்தேன். அவளும் சிரித்தாள். பிறகு சிரிப்பை நிறுத்திவிட்டுக் கேட்டாள்.

"பகிடி இல்லை, அண்ணை. தண்ணி வாசலுக்கு வந்திட்டுது. வெட்டச்சொல்லி இவரைக் கேட்டால், துணி ஏறேல்லை எண்டுறார். கம்பம் என்ன சொல்லுது?"

"இன்னும் ஒரு வெட்டு கிடக்கு, தங்கச்சி."

"அப்ப பயமில்லை?"

"கம்பம் பொய் சொல்லுமே?"

அவள் தலையாட்டிவிட்டு உலை வைக்கப் போனாள். கவனியுங்கள், ஐயா, நான் பொய் சொல்லவில்லை. கம்பத்தில் இன்னும் ஒரு வெட்டு வெளியே தெரிந்தது. கம்பம் சொன்னதைத்தான் சொன்னேன். பயமில்லை என்றும் நான் சொல்லவில்லை.

மறுநாள் மத்தியானம் துறையடியில் ஜமால்தீன் நானாவின் கடையில் தேநீர் குடித்துக்கொண்டிருந்தேன். கடல் பக்கமிருந்து ஒரு முழக்கம் கேட்டது. சோறு வடிக்கும் நேரத்துக்குள் சிறுகடல் இரண்டடி இறங்கிவிட்டது. நானா வெளியே வந்து கையை நெற்றியில் வைத்துப் பார்த்தார்.

"அப்புத்துரை, வாடி எங்கை?"

"திட்டி நிக்குது, நானா," என்றேன்.

அவர் என்னைத் திரும்பிப் பார்த்த பார்வை எனக்கு விளங்கவில்லை. அன்றிலிருந்து அவர் என்னோடு கதைப்பதில்லை.

வாடியோடு ஏழு பேர் போனார்கள் என்று சொல்கிறார்கள். நான் எண்ணவில்லை, என் வேலை ஆலா எண்ணுவது. ஆனால் இலாகாவுக்கு ஒன்றைத் தெரிவிக்க வேண்டும். வாடி இருந்த இடத்தில் இப்போது அகலமான வாய் திறந்திருக்கிறது. தண்ணீர் அதனாலேயே போகும். இனித் திட்டியின் பக்கம் ஒருவரும் வெட்டத் தேவையில்லை. நாயும் வராது. நூறு வருடத்தில் அந்தத் தீவுக்குக் கிடைத்த பெரிய நன்மை இது. இதைச் சொல்ல எனக்கு வெட்கமில்லை.

என்னைப் பிடித்தவர் ஏரம்பு விதானையார்தான். தண்ணீர் இறங்கியபின் கம்பத்தடியில் குந்தியிருந்து தடவிப் பார்த்தாராம். மேலே கிழட்டுச் சிப்பி. அதற்குக் கீழே, மண்ணுக்குள்ளிருந்து கிளம்பிய ஒரு சாணுக்கு இளஞ்சிப்பி, இன்னொரு சாணுக்குக் கடுகளவு சிப்பி, கடைசிச் சாணில் ஒன்றுமேயில்லை. மூன்று ஆவணியையும் சிப்பி எழுதி வைத்திருந்தது. நல்ல கண். அந்தக் கண்ணை முன்பே கம்பத்துக்குத் திருப்பியிருந்தால் நாங்கள் எல்லோரும் இப்போது வேறு வேலை பார்த்துக்கொண்டிருக்கலாம்.

இனி உங்கள் கேள்வி. இயற்கையின் போக்கை முன்கூட்டி அறிய மனிதனால் முடியாது என்றுதான் எழுத நினைத்திருந்தேன். ஆனால் கூடையைப் பற்றி நானா உங்களிடம் சொல்லிவிட்டார் என்று தெரிகிறது. உண்மைதான். உள்ளே இருந்தது சிறகொடிந்த ஆலா. அதன் அடியில் என் குறிப்புப் புத்தகங்கள். மணல் எந்தப் பக்கத்தால் போனாலும் என் கொட்டிலுக்குள் தண்ணீர் வரும், பறக்க முடியாத பறவை என்ன செய்யும், ஆகவே இரண்டு நாள் வைத்திருக்கும்படி நானாவிடம் கொடுத்தேன். நாளைக்கு உடையும் என்று அவரிடம் சொன்னதும் உண்மை. அவர் அதைப் பகிடி என்று நினைத்தார்.

தோணியில் எத்தனை பேருக்கு இடமிருந்தது என்று உங்கள் சார்ஜன்ட் கேட்டார். எட்டுப் பேர் வசதியாக இருக்கலாம். இரஞ்சிதம் தோணியின் விளிம்பைப் பிடித்துக்கொண்டுதான் நின்றாள். அவளிடம் ஒரு சொல் சொல்லியிருந்தால் மற்ற ஆறு பேரையும் அவளே கூப்பிட்டு ஏற்றியிருப்பாள்.

தெரியும் என்றே பதிந்துகொள்ளுங்கள். ஆனால் அவர்களை ஏற்றாததற்கு என் பக்க நியாயத்தையும் கீழே ஒரு வரி எழுத வேண்டும். மனிதர் கிட்ட வந்தால் அந்த ஆலா மீன் தொடாது.