கடைசிக் காட்சிக்கு ஒரு குரல்

துணி அலமாரிக்குள் உட்கார்ந்து குரல் பதிவது எங்களைப் போன்றவர்கள் எல்லோரும் செய்வதுதான், ஐயா. தொங்கும் சட்டைகளும் போர்வைகளும் எதிரொலியை விழுங்கிவிடும். வீட்டிலேயே ஒரு ஸ்டுடியோ.

நாங்கள் பார்த்து வளர்ந்த ஒரு கார்ட்டூன், ஒரு பையனும் அவனுடைய ரோபோவும். பாதியில் நிறுத்திவிட்டார்கள். மிச்சக் கதையை நானே ஒரு கேமாகச் செய்துகொண்டிருந்தேன். ரோபோவின் பெயர் டப்பா. பையனுக்குக் குரல் என் தம்பி. வீட்டில் அவன் வாலு. முன்னோட்டம் வெளியிட்டபோது ரசிகர்கள் படத்தைப் பாராட்டினார்கள், இசையைப் பாராட்டினார்கள். குரலைப் பற்றி ஒருவர் மட்டும், "பையன் பாடப்புத்தகம் ஒப்பிக்கிறானா?" என்று கேட்டிருந்தார். அதற்குக் கீழே நிறைய சிரிப்பு.

கடைசிக் காட்சியில் பையன் கப்பல் அறை ஒன்றில் மாட்டிக்கொள்வான். வெளியே டப்பாவுக்கு சார்ஜ் தீர்ந்துகொண்டிருக்கும். கதவைத் திறக்கச் சொல்லிப் பையன் கெஞ்ச வேண்டும். வாலுவுக்குக் குரல் உடையத் தொடங்கியிருந்தது. இனித் தள்ளிப்போட முடியாது.

அன்று மதியம் அம்மா வேலைக்குப் போயிருந்தாள்.

"பேனா கடன் கேக்குற மாதிரி கேக்குறடா. உசுரு போற மாதிரி கேளு."

"போண்ணா. தகர டப்பாகிட்ட எவன் கெஞ்சுவான்?"

அவன் சிரித்தான். நானும் சிரித்தேன். கோபத்தில் செய்ததாக வாக்குமூலத்தில் யாரும் எழுதிவிடக் கூடாது.

அவன் பாக்கெட்டிலிருந்த இன்ஹேலரை நான்தான் வாங்கி மேஜையில் வைத்தேன். அசைந்தால் மைக்கில் சத்தம் விழும். அவன் அலமாரிக்குள் உட்கார்ந்ததும் கதவைச் சாத்தி, வெளியே தாழ்ப்பாள் போட்டு, ஹெட்போனை மாட்டிக்கொண்டேன். முதலில் வசனத்தைச் சொன்னான், வழக்கம்போல. பிறகு கதவைத் தள்ளிப் பார்த்தான். "விளையாடாதண்ணா, மூச்சு முட்டுது" என்றான். அதற்கு அப்புறம்தான் குரலில் உயிர் வந்தது.

மூச்சு இழுக்கும் ஓசை தெளிவாகக் கேட்டது. அது என்னவென்று எனக்குத் தெரியும். அவன் பிறந்ததிலிருந்து ஒரே அறையில் படுக்கிறோம். ஆனால் நல்ல டேக்கை நடுவில் நிறுத்தக் கூடாது. அது முடிந்த பிறகும் வெறும் அமைதியைக் கொஞ்ச நேரம் பதிய வேண்டும். அதை அளவாக வைத்துத்தான் இரைச்சலை நீக்குவோம். மற்ற நாட்களில் அந்த நேரத்தில் அவன் கனைப்பான், காலை ஆட்டுவான். அன்று அசையவே இல்லை. ஒருவழியாகத் தொழில் கற்றுக்கொண்டான் என்று எனக்குப் பெருமையாக இருந்தது.

கோப்பைச் சேமித்தேன். பிறகு தாழ்ப்பாளை எடுத்தேன்.

கேம் இன்னும் முடியவில்லை. அந்தக் காட்சி மட்டும் தயார். அடக்கம் முடிந்து வந்து உட்கார்ந்து செய்தேன். அம்மா கேட்க மாட்டேன் என்கிறாள். கேட்டால் அவன் எவ்வளவு நன்றாகச் செய்திருக்கிறான் என்று அவளுக்குப் புரியும். வசனத்தில் இல்லாமல் "அண்ணா" என்று கூப்பிட்ட இடங்களில் மட்டும், அவனுடைய பழைய பதிவிலிருந்து "டப்பா" எடுத்து ஒட்டினேன். வேறெதிலும் நான் கை வைக்கவில்லை.