நாலாவது கன்ட்ரோலர்

அக்கா: லிஃப்ட் சரியா நிக்குதா இல்லையா, அதச் சொல்லு முதல்ல.

தம்பி: நிக்குதுக்கா. வாரம் ஆறு நாள் ஊர்ல இருக்கற லிஃப்டோட எல்லாம் மாரடிக்கிறேன். லீவு நாள்லயும் நம்ம கட்டட லிஃப்ட பாக்க வெச்சுட்ட. முன்னாடி வாசலுக்கு ஒரு சாண் கீழ நின்னுச்சு. இப்ப ஒரு விரல்தான்.

அக்கா: அந்த ஒரு விரல் மட்டும் எதுக்கு?

தம்பி: ஒரு விரல்ல யாரு தடுக்கி விழப் போறா?

அக்கா: விழுவாங்க... சரி, அத விடு. டிவி கேமோட நாலு கன்ட்ரோலரும் வேலை செய்யணும், நாலு மணிக்குள்ள. பரிட்சை முடியட்டும்னு பிள்ளைங்க ஒரு மாசமா காத்துட்டு இருக்குங்க.

தம்பி: நாலு எதுக்கு? பிள்ளைங்க ரெண்டு, நான் ஒண்ணு. நீதான் அடுப்படிய விட்டு வர மாட்டேன்னுட்ட.

அக்கா: எதிர் வீட்டுப் பொண்ணு வரும். உனக்கென்ன, கணக்கு கேக்காம வேலையப் பாரு. ஏன் இந்த நீலக் கன்ட்ரோலர் மினுக்கிட்டே இருக்கு?

தம்பி: சார்ஜ் இருக்காது.

அக்கா: ஒரு மணி நேரமா சார்ஜ்ல கிடந்தத நான்தான் எடுத்துக் குடுத்தேன்.

தம்பி: அப்ப...

அக்கா: கறுப்பும் வெள்ளையும் நடு பட்டன அமுக்கினதும் வந்து உக்காந்துச்சே. உன்னோடது மட்டும் என்ன புது மாப்பிள்ளை மாதிரி முறுக்கிக்குது?

தம்பி: ஒயர் போட்டா சேர்ந்துரும். இரு... இதோ.

அக்கா: சேரலையே.

தம்பி: இது போனுக்கு வந்த ஒயர்க்கா. சார்ஜ் மட்டும்தான் ஏறும், வேற ஒண்ணும் போகாது. கன்சோலோட, அந்த கேம் பெட்டியோட, ஒரு ஒயர் வந்துச்சே, அது எங்க?

அக்கா: உன் பையில இருந்துச்சு. வேலைக்குப் போற பையில. துவைக்க எடுத்தப்ப பாத்தேன். ஸ்பேனர் போடற பையில அதுக்கு என்ன வேலை?

தம்பி: தெரியாம விழுந்திருக்கும்.

அக்கா: விழுந்துச்சு. கட்டிப் பத்திரமா முடிச்சுப் போட்டுக்கிட்டு விழுந்துச்சு. கன்சோலோட வந்த அந்தப் புத்தகத்த எடு.

தம்பி: எதுக்குக்கா, நானே பண்ணிடறேன். புத்தகத்துல ஒண்ணும் இருக்காது.

அக்கா: ஆஸ்பத்திரியில எங்க வார்டுக்கு புது மெஷின் வந்தா புத்தகத்தப் படிக்காம நாங்க கை வைக்க மாட்டோம். குடு இங்க. "கூடுதல் கன்ட்ரோலர்களைச் சேர்த்தல்"... இது இல்ல... ம், இது. "ஒரு கன்ட்ரோலர், கடைசியாக எந்த கன்சோலுடன் சேர்க்கப்பட்டதோ அதை மட்டுமே நினைவில் வைத்திருக்கும். வேறொரு கன்சோலுடன் சேர்த்தால் பழைய இணைப்பு அழிந்துவிடும்."

தம்பி: அது எல்லா கன்ட்ரோலருக்கும் இல்ல...

அக்கா: இது வாங்கின நாள்லேருந்து இந்த வீட்டுலதான் இருக்கு. இது எந்த வீட்ட நினைச்சுட்டு இப்படி மினுக்குது?

தம்பி: கூட வேலை பாக்கறவன் வீட்டுக்கு ஒரு தடவ எடுத்துட்டுப் போனேன்.

அக்கா: எவன்?

தம்பி: நெட்டையன்.

அக்கா: நெட்டையன் வீட்டுல டிவியே இல்லன்னு போன வாரம் சிரிச்சது யாரு?

தம்பி: அக்கா...

அக்கா: என் முகத்தப் பாத்துச் சொல்லு. பெரியவன் வீட்டுக்கு, உன் அண்ணன் வீட்டுக்குப் போனியா? உன்னத்தான் கேக்கறேன்.

தம்பி: போனேன்.

அக்கா: எத்தனை தடவ?

தம்பி: கொஞ்சம்...

அக்கா: கொஞ்சம்னா?

தம்பி: ஆறு மாசமா. ஞாயித்துக்கிழமை ஞாயித்துக்கிழமை.

அக்கா: ஞாயித்துக்கிழமை ஓவர்டைம்னியே. நானும் பைத்தியக்காரி மாதிரி சோறு கட்டிக் குடுத்தேனே.

தம்பி: அது வீணாகலக்கா. ரெண்டு பேரும்தான் சாப்பிட்டோம். முதல் வாய்லயே அண்ணன் கண்டுபிடிச்சுட்டார், உன் கைப்பக்குவம்னு.

அக்கா: என் சோத்த அவனுக்குப் போட்டியா? வெக்கமா இல்ல உனக்கு?

தம்பி: கத்தாதக்கா, கதவு திறந்திருக்கு.

அக்கா: கேக்கட்டும். கட்டடமே கேக்கட்டும். அம்மா போன அன்னிக்கு அவன் பேசினத மட்டும் ஊரே கேக்கலையா? அத்தனை சொந்தக்காரங்க முன்னாடி என்னைப் பாத்து என்ன கேட்டான்? சொல்லு. நீயும் பக்கத்துலதான நின்ன?

தம்பி: வேணாம்க்கா.

அக்கா: "நர்ஸுன்னு பேரு, பெத்தவளுக்கு மூச்சு முட்டறதுகூட தெரியல"ன்னு கேட்டான். மூணு நாள் நான் கண்ண மூடல. டூட்டிய முடிச்சு வந்து அம்மா பக்கத்துலயே உக்காந்திருந்தேன். அன்னிக்கு அரை மணி நேரம், குளிக்கப் போனேன்... குளிக்கக்கூடாதா நான்?

தம்பி: உன் மேல எந்தத் தப்பும் இல்லக்கா. அது எல்லாருக்கும் தெரியும்.

அக்கா: தெரிஞ்சுதான் போய் அவனோட உக்காந்து விளையாடினியா? "உன்கிட்ட மன்னிப்பு கேக்கற வரைக்கும் அவர் வாசப்படி மிதிக்க மாட்டேன்"னு என் கையப் பிடிச்சுச் சொன்னியே. நான் சொல்லச் சொன்னேனா? நீயாத்தான சொன்ன?

தம்பி: கேக்க வைக்கத்தான் போனேன். சத்தியமா. சண்டை போடத்தான் போனேன். கதவத் திறந்தவர், தாடியும் அதுவுமா... தனியா ஒரு கன்ட்ரோலர வெச்சுக்கிட்டு விளையாடிட்டு இருந்தார். "உக்காரு"ன்னார். ஒரு ஆட்டம் முடிஞ்சதும் கேப்போம்னு உக்காந்தேன்.

அக்கா: ஆறு மாசமா அந்த ஒரு ஆட்டம் முடியலையா?

தம்பி: ஒவ்வொரு வாரமும் கேக்கணும்னுதான் போறேன். வாய் வரல. அவர்கிட்ட இருக்கறது ஒண்ணுதான், அதனால என்னோடத எடுத்துட்டுப் போக ஆரம்பிச்சேன்.

அக்கா: வாய் வராதவன் முதுகுக்குப் பின்னாடி என்ன வேணா செய்வான்.

தம்பி: திட்டு. வாங்கிக்கறேன். ஆனா இப்ப கால் வேற உடைஞ்சு கிடக்கார்க்கா. ரெண்டு மாசமா வேலைக்குப் போகல. அந்த நிலைமையில போய் நிறுத்திக்கறேன்னு எப்படிச் சொல்றது?

அக்கா: கால் உடைஞ்சா பண்ணினதெல்லாம் சரியாயிடுமா? போறது போன, என்கிட்ட சொல்லிட்டுப் போயிருந்தா என்ன? நான் என்ன உன்ன வெட்டியா போட்டிருப்பேன்?

தம்பி: இப்ப வெட்டற மாதிரிதான நிக்கற.

அக்கா: பேச்ச மாத்தாத. எனக்கு யாரு இருக்கா உன்ன விட்டா? அவன்தான் அப்படின்னா நீயுமா?

தம்பி: தப்புதான். மன்னிச்சிரு... அழாதக்கா.

அக்கா: யாரு அழறா? ஒயர் அந்த மேசை மேல இருக்கு. எடுத்துப் போடு.

தம்பி: ம்... போட்டாச்சு. நடு பட்டன்... சேர்ந்துருச்சு பாரு. மூணாவது ஆள்னு காட்டுது. இப்ப நாலாவது, அந்தச் சிவப்ப எடு.

அக்கா: சிவப்பு வேணாம். மூணு போதும்.

தம்பி: நாலு மணிக்குள்ள நாலும் வேணும்னு உயிர எடுத்த?

அக்கா: எதிர் வீட்டுப் பொண்ணு வேடிக்கை பாக்கட்டும்.

தம்பி: ஒயர் கையிலயே இருக்கு, ஒரு நிமிஷ வேலைக்கா. உன் பீரோவுலதான இருக்கு?

அக்கா: பீரோவத் தொடாத. நானே அப்புறமா சேர்த்துக்கறேன்.

தம்பி: எப்படி? உனக்கு ஒயர் போட்டுச் சேர்க்கத் தெரியுமா?

அக்கா: புத்தகத்துலதான் போட்டிருக்கே... டேய், பீரோவ மூடு. சொல்றேன்ல. மூடு அத.

தம்பி: எடுத்தாச்சு. ஒயரே வேணாம்க்கா, இது உன் பீரோவ விட்டு வெளிய வந்ததே இல்லையே. சாவி எப்பவும் உன் இடுப்புல, இன்னிக்குத்தான் பூட்ட மறந்திருக்க. நடு பட்டன அமுக்கினா கறுப்பும் வெள்ளையும் மாதிரி வந்து உக்காந்துரும்.

அக்கா: குடு இங்க.

தம்பி: ...மினுக்குது.

அக்கா: பழசாயிருக்கும்.

தம்பி: அக்கா.

அக்கா: என்ன?

தம்பி: இப்ப கொஞ்ச நேரம் முன்னாடி, அண்ணனுக்குக் கால் உடைஞ்சிருக்குன்னு சொன்னேன். எந்தக் கால்னுகூட நீ கேக்கல. எப்படி, எப்பன்னு ஒரு வார்த்தை கேக்கல. புதன்கிழமை புதன்கிழமை ஒரு நர்ஸ் வந்து கட்டு மாத்தறாங்கன்னார். "கை பட்டா உயிர் போகுது, ஆனா அவள மாதிரி கட்டு போட ஆளில்ல"ன்னார். ஆஸ்பத்திரியிலேருந்து யாரோ வர்றாங்கன்னு நினைச்சேன். புதன்கிழமைதான உனக்கு டூட்டி கிடையாது?

அக்கா: எங்க வார்டுக்குத்தான்டா கொண்டு வந்தாங்க. வண்டியிலேருந்து விழுந்து, எலும்பு வெளிய தெரிஞ்சுது. திரும்பிப் போயிடலாம்னுதான் நினைச்சேன். கை, காயத்த விட்டு வர மாட்டேன்னுடுச்சு.

தம்பி: ரெண்டு மாசமா என்கிட்ட சொல்லல. இவ்வளவு நேரம் என்னை நார் நாராக் கிழிச்ச.

அக்கா: நீ ஆறு மாசம். நான் ரெண்டு மாசம். அதுவும் நான் விளையாடப் போகல, கட்டு மாத்தப் போனேன். வலிய மறக்க கையில ஏதாவது வேணும்னான், எதிர்ல உக்காந்து ஆடவும் ஆள் வேணும்னான். அதான் எடுத்துட்டுப் போனேன்.

தம்பி: உனக்குத்தான் விளையாடவே தெரியாதே.

அக்கா: அவனத் தோக்கடிக்கற அளவுக்குத் தெரியும்.

தம்பி: அவர்... மன்னிப்பு கேட்டாரா?

அக்கா: முதல் நாள் கட்டு மாத்தும்போதே கேட்டுட்டான். வலியில கேட்டானா மனசார கேட்டானான்னு எனக்குப் புரியல. அதத் தெரிஞ்சுக்கத்தான் அடுத்த வாரம் போனேன். அப்புறம் அதுக்கு அடுத்த வாரம்.

தம்பி: நான் வர்றத உன்கிட்டயும் சொல்லல, நீ வர்றத என்கிட்டயும் சொல்லல. ரெண்டு பேரையும் முட்டாளாக்கியிருக்கார்.

அக்கா: சொன்னா ரெண்டு பேரும் நின்னுருவோம்னு பயந்திருப்பான். அவனுக்கு வேற யாரு இருக்கா?

தம்பி: சரி, அந்த ஒயர இங்க குடு. சிவப்பையும் சேர்க்கறேன்... ஆனா ஒண்ணு சொல்லு. எதிர் வீட்டுக்காரங்க எல்லாரும் நேத்தே ஊருக்குப் போயிட்டாங்க, பூட்டு தொங்குது. இந்த நாலாவது யாருக்கு?

அக்கா: மணி நாலாகப் போகுது, நீ கீழ போய் லிஃப்ட் வாசல்ல நில்லு. அந்த ஒரு விரல் படியில கோல ஊன்றி அவனால தனியா ஏற முடியாது.