முதலில் தட்டுபவர்

ராசப்பன்: ...மாப்ள, கண்ணத் தொறங்க. மாமனாரு கூப்பிடறன்ல.

மோகன்குமார்: ம்... எங்கீங்க இருக்கறோம்?

ராசப்பன்: அதே முட்டை வெக்கிற குளுருக் குடோனுதான், நாமக்கல்லுதான். வெளிய சித்திர வெயிலு மண்டையப் பொளக்கும். நீங்க இங்க பல்லு கிட்டிட்டு ஒறங்கறீங்க.

மோகன்குமார்: அசந்துட்டனுங்களா?

ராசப்பன்: நல்லாவே. கொறட்ட வேற. எம் பொண்ணு தனப்பிரியா சொன்னப்ப நான் நம்பல.

மோகன்குமார்: சிரிப்புக் காட்டாதீங்க மாமா... ஒதடு வெடிக்குது.

ராசப்பன்: சிரிங்க. சிரிச்சாச் சூடு வரும்.

மோகன்குமார்: மேல கேமரா இருக்குதுங்க. மாமனாரு மாப்பிள்ளைன்னு தெரிஞ்சா ஆட்டம் செல்லாது.

ராசப்பன்: அதுக்குக் கண்ணுதான், காது இல்லைன்னு நீங்கதான சொன்னீங்க?

மோகன்குமார்: ஆட்டம் நடத்தற சிவக்குமாரு வாசல்லயே கேட்டான், கூட வந்த பெருசு யாருன்னு. ராசிபுரம் டீக்கடையில புடிச்ச ஆளுன்னேன்.

ராசப்பன்: பொண்ணக் குடுத்தவன டீக்கடையில புடிச்சீங்களாக்கும்.

மோகன்குமார்: ரெண்டும் சொந்தமில்லாத அசலாளா இருந்தாத்தான் பந்தயங் கட்டுவாங்களாம். யாரு மொதல்ல கதவத் தட்டறானோ அவன் தோத்தான். நின்னவனுக்கு... என்ற லாரி.

ராசப்பன்: சீட்டாட்டத்துல இவனுககிட்ட உட்ட லாரி.

மோகன்குமார்: இப்பச் சொல்லிக் காட்டோணுங்களா?

ராசப்பன்: கோவத்துலயும் சூடு வரும்ல.

மோகன்குமார்: தலையில தண்ணிய ஊத்தித்தான் உள்ள தள்ளுவாங்கன்னு எனக்குத் தெரியாதுங்க மாமா. சத்தியமா.

ராசப்பன்: உடுங்க... இந்தாங்க, முட்டை அட்டைக்கு அடியில காஞ்ச சாக்கு ஒன்னு கெடந்துச்சு. போத்துங்க.

மோகன்குமார்: உங்களுக்கு?

ராசப்பன்: எனக்கு வேக்குது.

மோகன்குமார்: கிட்ட வாங்க, ரெண்டு பேருமாப் போத்திக்கலாம்.

ராசப்பன்: அசலாளுக கட்டிப் புடிச்சுக்குவாங்களா? நான் அக்கட்டால உக்காந்துக்கறன்.

மோகன்குமார்: அங்க குளுருக் காத்தாடி நேரா மேல அடிக்குதுங்க.

ராசப்பன்: அடிக்கட்டும்.

மோகன்குமார்: மாமா... எனக்கு முடியலைன்னா நீங்க தட்டித் தோத்துருவேன்னீங்கல்ல? முடியலீங்க. தட்டுங்க.

ராசப்பன்: தட்டலாம், இருங்க... எம் பேத்தி நர்மதாக் குட்டிக்குப் பள்ளிக்கோடம் எப்பத் தொறக்குது?

மோகன்குமார்: ஜூன்ல... ஏனுங்க?

ராசப்பன்: மொத நாளு நீங்களே கூட்டிட்டுப் போங்க. வருசா வருசம் என்னையே அனுப்பறீங்க.

மோகன்குமார்: இந்த வருசமும் நீங்கதான் போவீங்க.

ராசப்பன்: பாக்கலாம்...

மோகன்குமார்: விரலு இருக்கறதே தெரியலீங்க மாமா. லாரி போனாப் போவுது. நானே தட்டறேன்.

ராசப்பன்: உக்காருங்க.

மோகன்குமார்: கைய உடுங்க... மாமா, ஏனுங்க கையெல்லாம் ரத்தம்?

ராசப்பன்: நீங்க அசந்தப்பவே தட்டிட்டனுங்க மாப்ள. ரெண்டு கையிலயும்.

மோகன்குமார்: தொறக்கலீங்களா?

ராசப்பன்: சிவக்குமாரு அந்தப் பக்கம் நின்னு பேசுனான். தட்டறதுக்கெல்லாம் தொறக்கறதில்லையாமா. ஒருத்தன் சாயோணுமாம். அதுமேலதான் எல்லாரும் பணத்தக் கட்டிருக்காங்களாம்... யாரு முன்னச் சாவறாங்கன்னு.

மோகன்குமார்: இத ஏனுங்க எங்கிட்ட...

ராசப்பன்: சொன்னா மனசு உட்டுருவீங்க. மனசு உட்டா ஒடம்பு நிக்காது.

மோகன்குமார்: நான்... நான் செத்த மாதிரி படுத்து நடிக்கறேன்.

ராசப்பன்: கெடந்த பொறகும் ஒரு மணி நேரம் பாத்துட்டுத்தான் தொறப்பானாம். இந்தக் குளுருல அவ்வளவு நேரம் அசையாமக் கெடந்தா அது நடிப்பில்லீங்க.

மோகன்குமார்: எல்லாம் என்னாலதான... நானே படுக்கறேன். நீங்க காத்தாடிய உட்டு எந்திரிங்க. ஐயோ, ஒடம்பு கட்டையாட்டம் இருக்குதே... இந்தச் சாக்குக்குள்ள வாங்க. புடிச்சுக்கறேன், வாங்க மாமா...

ராசப்பன்: தள்ளி உக்காருங்க, சாமி. கட்டிப் புடிச்சுட்டிருந்தா நான் ஆறிச் சாய நேரமாகும்... உங்களுக்கு அவ்வளவு நேரமில்லீங்க.